மோட்டார் படியும் இரண்டாவது சாவியும்

போன வாரம் கிள்ளான் பட்டறையிலிருந்து குமரன் போன் செய்தான். என்னோடு பல வருஷம் ஒரே பட்டறையில் வேலை பார்த்தவன். நான் வேலையை விட்டு ஓய்ந்த பிறகும் ஏதாவது சந்தேகம் வந்தால் கூப்பிடுவான்.

"அண்ணே, மோட்டார் படி வண்டி ஒன்னு வந்திருக்கு. படியக் கழட்டணும். பின்னாடி போல்ட்டுக்கு எந்த சாக்கெட் போடுவீங்க?"

"துரு புடிச்சிருக்கா?"

"துருவா? போல்ட்டே தெரியல லா. சிப்பி ஒட்டுன மாதிரி இருக்கு."

எண்ணெய் அடித்து ஊற விடச் சொன்னேன். ஆறு முனை சாக்கெட் மட்டும் போடு, பன்னிரண்டு முனை போட்டால் தலை வழுக்கிவிடும் என்றேன். சரிண்ணே என்று வைத்துவிட்டான். தேநீரை எடுத்து ஒரு வாய் குடித்தேன். அப்போதுதான் உறைத்தது. சாக்கெட்டைச் சொன்னேன், முதலில் கேட்க வேண்டியதைக் கேட்கவில்லை. உடனே திரும்ப அடித்தேன். எடுக்கவில்லை. வண்டிக்கு அடியில் படுத்திருப்பவன் எப்படி எடுப்பான்? விடாமல் அடித்துக்கொண்டே இருந்தேன். அந்த நேரத்தில் என் மனதில் ஓடியதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

படுக்கை, அடுப்பு, கழிவறை எல்லாம் உள்ளேயே இருக்கும் பெரிய வண்டியை மோட்டார்ஹோம் என்பார்கள். தரையிலிருந்து கதவு உயரத்தில் இருப்பதால் ஏறி இறங்க வாசலுக்கு அடியில் ஒரு படி வைத்திருப்பார்கள். பொத்தானை அமுக்கினால் படி வெளியே வரும், இன்னொரு முறை அமுக்கினால் உள்ளே போகும். படியை வெளியே விட்டபடியே வண்டியை எடுத்துவிட்டால் மரத்திலோ ஆளிலோ இடிக்கும் அல்லவா? அதனால் சில வண்டிகளில் எஞ்சினை ஸ்டார்ட் செய்ததுமே படி தானாக உள்ளே போய்விடும்படி செய்திருப்பார்கள். நல்ல எண்ணத்தில் செய்த ஏற்பாடுதான்.

நான் பள்ளிக்கூடம் போனது ஆறாம் வகுப்பு வரைக்கும். டெங்கில் பக்கத்துத் தோட்டத்திலிருந்து கிளம்பி லோரியில் ஓட்டுநருக்கு உதவியாக, அட்டெண்டனாக ஏறினேன். ஜோகூரில் கப்பல் பட்டறையில் வெல்டிங் கற்றேன். கற்றேன் என்பதைவிட, கண் வீங்கி வீங்கிப் பழகியது என்று சொல்லலாம். அங்கே தங்கியிருந்த கொட்டகை எரிந்துபோனது. உடுத்திய துணியோடு அடுத்த ஊருக்கு பஸ் ஏறினேன். ரவாங்கில் பஸ்ஸுக்குக் கூடு கட்டும் இடத்தில் வேலை. கட்டி முடிக்காத பஸ்ஸிலேயே தூக்கம். கல்யாணமும் ஆனது. நான் ஊர் மாறுவது பொறுக்காமல் அவள் தன் அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டாள். அவளைக் குறை சொல்ல ஒன்றும் இல்லை. ஒரு இடத்தில் கொஞ்ச நாள் இருந்தால் எனக்குக் காலில் எறும்பு ஊறும். கடைசியாக, தலை நரைத்த பிறகு, கிள்ளான் மேரு சாலைப் பக்கத்தில் இருந்த ஸ்டெல்லாவின் பட்டறையில் வந்து நின்றேன்.

ஸ்டெல்லா என்னைவிட இருபது வயதாவது சின்னவர். பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே குவார்ட்டர்ஸில் வளர்ந்தவர். அப்பா ரயில் எஞ்சின் பட்டறையில் ஃபோர்மன். ஸ்டெல்லா அதிகம் பேச மாட்டார். கழுத்தில் ஒரு சிலுவை, சட்டைப் பையில் ஒரு டார்ச், காதில் ஒரு பென்சில். யாராவது வண்டிக்கு அடியில் போகக் குனிந்தால், எங்கிருந்தாலும் அவர் குரல் வரும்.

"சாவி யாரு கழுத்துல?"

அவருடைய சட்டம் அது. பச்சைக் கயிற்றில் வண்டிச் சாவியைக் கோத்து, அடியில் போகிறவன் தன் கழுத்தில் மாட்டிக்கொள்ள வேண்டும். மேசையில் வைப்பது, கொக்கியில் தொங்கவிடுவது எதுவும் ஆகாது. எவ்வளவு அவசரமாக இருந்தாலும் ஆகாது. நான் சேர்ந்த புதிதில், இதென்ன மாட்டுக்கு மணி கட்டுவதுபோல என்று முணுமுணுத்தேன். அவருக்குக் கேட்டுவிட்டது. பின்கட்டிலிருந்த பப்பாளி மரத்தில் ஒரு காயைப் பறித்து வந்து, வெளியே நீண்டிருந்த ஒரு மோட்டார் படியின் மடங்கும் இரும்புக் கைகளுக்கு நடுவே வைத்தார். முன்னால் போய் எஞ்சினை ஸ்டார்ட் செய்தார்.

காய் வெடித்த சத்தம் எனக்கு இன்னும் கேட்கிறது. கல் மாதிரி இருந்த காய். விதையெல்லாம் என் காற்சட்டையில்.

"ஊறுகா போடலாம்ணே," என்றான் குமரன்.

அதற்குப் பிறகு நான் முணுமுணுக்கவில்லை.

இப்போது அந்த வண்டிக்கு வருகிறேன்.

இங்கிலாந்திலிருந்து வந்த பழைய மோட்டார்ஹோம். கொண்டுவந்தவர் சொக்கலிங்கம் ஐயா. பிரிக்பீல்ட்ஸில் கணக்கு அலுவலகம் நடத்தி ஓய்ந்த செட்டியார். நெற்றியில் திருநீறு, கையில் கடிகாரம், அந்தக் கடிகாரத்திலேயே கண். கூடவே அவர் மனைவி வள்ளியம்மை ஆச்சி, சக்கர நாற்காலியில். வாசலில் உள்ள படியைக் கழற்றிவிட்டு, நாற்காலியோடு ஆளைத் தூக்கி உள்ளே விடும் லிஃப்ட் மாட்ட வேண்டும் என்று கேட்டார்கள். படி இருக்கும் இடத்தில்தான் லிஃப்ட் உட்காரும். படி போயே ஆக வேண்டும்.

"எப்படி ஆச்சு ஆச்சிக்கு?" என்று கேட்டேன்.

ஆச்சிக்கு முன்னால் ஐயா பதில் சொன்னார். "மொதப் பயணம் கெளம்புற அன்னைக்கே விழுந்துட்டா தம்பி. பட்டன அமுக்கிப் படிய வெளிய விடாமலே எறங்கிட்டா. நான் ஓடி வந்து பாக்குறேன், படி உள்ளதான் இருக்கு. இடுப்பெலும்பு போச்சு. எப்பவும் அவசரம் இவளுக்கு. சொன்னா கேக்கணுமில்ல?"

ஆச்சி அவரைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்துச் சிரித்தார். "ஆமா தம்பி, எனக்குக் காலு நிக்காது. அதான் இப்ப நிறுத்தி வச்சிருக்காங்க."

நானும் சிரித்தேன். வேறு எதுவும் தோன்றவில்லை. இன்று நினைத்தால் எனக்கே ஆச்சரியமாக இருக்கிறது. படி தானாக உள்ளே போகும் என்பது தெரிந்தவன், பப்பாளி வெடித்ததைப் பார்த்தவன், எனக்கே தோன்றவில்லை.

வெள்ளிக்கிழமை காலை வேலை தொடங்கினோம். பட்டறைக் கூரையின் நிழலில், வண்டிக்கு முன்னால், ஆச்சியின் நாற்காலியை நிறுத்தியிருந்தார்கள். அங்கிருந்து அவருக்கு வண்டியின் இரண்டு பக்கமும் தெரியும். இடது பக்கம் வாசலும் படியும். வலது பக்கம் ஓட்டுநர் கதவு.

"சாவி குடுங்கய்யா," என்று ஸ்டெல்லா கேட்டார். ஐயா கொடுத்தார். பச்சைக் கயிற்றில் கோத்து என் கழுத்தில் மாட்டினேன்.

படியைக் கழற்றுவதில் ஒரு வரிசை உண்டு. முதலில் பொத்தானை அமுக்கிப் படியை முழுக்க வெளியே விட வேண்டும். அப்போதுதான் முன்பக்கத்து போல்ட்டுகள் கைக்கு எட்டும். வெளியே வந்ததும் பேட்டரியைத் துண்டிக்க வேண்டும். எஞ்சின் பேட்டரி ஒன்று, வண்டிக்குள் எரியும் விளக்குகளுக்கு ஒன்று, இரண்டையும். கூரையில் சூரியத் தகடு இருந்தால் அதன் கம்பியையும். பிறகுதான் மோட்டாரின் பிளக்கைப் பிரிப்பது, ஜாக்கியை முட்டுக் கொடுப்பது எல்லாம். ஆக, அந்த முதல் ஒரு காரியத்துக்கு மட்டும் மின்சாரம் இருந்தாக வேண்டும். அந்தக் கொஞ்ச நேரத்துக்குத்தான் சாவி கழுத்தில்.

ஸ்டெல்லா வாசலுக்கு உள்ளே நின்று பொத்தானை அமுக்கினார். படி பாதி வந்தது. நின்றது. மோட்டார் உறுமுகிறது, படி நகரவில்லை. நான் அடியில் படுத்து டார்ச் அடித்துப் பார்த்தேன். படியின் இரண்டு கைகளும் மடங்கும் இடத்தில் மண் இறுகி, சிமெண்ட் மாதிரி அடைத்துக் கிடந்தது.

"பாஸ், பொத்தானத் தொடாதீங்க. சுரண்டிர்றேன்."

"தொடல. சாவி?"

"கழுத்துல."

தோல் கையுறை போட்டுக்கொண்டு, தகட்டுக் கத்தியால் சுரண்டினேன். மண் கட்டி கட்டியாக விழுந்தது. மணிக்கட்டுவரை வலது கை உள்ளே இருந்தது. கடைசிக் கட்டி அசைந்தது.

அப்போது அந்தக் கத்தல் வந்தது.

"ஏங்க! சாவியத் திருப்பாதீங்க! படி உள்ள போகும்! அந்தத் தம்பி கை உள்ள இருக்கு!"

அவ்வளவு மெல்லப் பேசும் ஆச்சியின் குரல் அது என்று எனக்கு முதலில் தெரியவில்லை. எதற்கு, யாருக்கு என்றும் புரியவில்லை. உடம்பு தானாகவே கையை இழுத்தது. கையுறை எதிலோ மாட்டிக்கொண்டது. கை மட்டும் உருவிக்கொண்டு வந்தது. வண்டி குலுங்கி எஞ்சின் பிடித்தது. என் முகத்துக்கு முன்னால் படி பட்டென்று உள்ளே போய் மூடியது.

கையுறையின் விரல்கள் படியின் கைகளுக்கு நடுவே சிக்கியிருந்தன. ஐந்தும். தட்டையாக.

நான் அப்படியே கிடந்தேன். எழ வேண்டும் என்று தோன்றவில்லை. ஸ்டெல்லா ஓடிப் போய் எஞ்சினை நிறுத்திவிட்டு வந்து என் காலைப் பிடித்து வெளியே இழுத்தார்.

"கை! கையக் காட்டுங்கண்ணே!"

காட்டினேன். ஒவ்வொரு விரலாகத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார். என் கழுத்தில் சாவி தொங்கிக்கொண்டிருந்தது. அதைப் பிடித்துப் பார்த்தார். பிறகு வண்டியைச் சுற்றி வந்து நின்ற சொக்கலிங்கம் ஐயாவைப் பார்த்தார்.

"அப்ப அது என்ன சாவி?"

"ஸ்பேர்," என்றார் ஐயா. முகம் வெளுத்திருந்தது. "காலையில கோயில்ல அம்மன் பாதத்துல வச்சு வாங்கிட்டு வந்தேன். பத்தரைக்கு ராகு காலம். அதுக்கு முன்னாடி ஒரு தடவ ஸ்டார்ட் பண்ணிட்டா, வேலை நல்லபடியா…"

வண்டியின் நான்கு சக்கரங்களுக்கும் முன்னால் எலுமிச்சம்பழம் வைத்திருந்தார். நாங்கள் யாருமே கவனிக்கவில்லை. ஒரு வண்டிக்கு இன்னொரு சாவி இருக்கும் என்பது எல்லாருக்கும் தெரியும். ஆனால் அதைச் சாமி தட்டில் வைத்துக் கும்பிட்டு, குங்குமத்தோடு வேட்டி மடிப்பில் முடிந்துகொண்டு ஒருவர் வருவார் என்று ஸ்டெல்லாவின் சட்டத்துக்குத் தெரியவில்லை.

ஐயா திடீரென்று ஆச்சியின் பக்கம் திரும்பினார். ஏதோ உறைத்தவர்போல இருந்தார்.

"வள்ளி. ஸ்டார்ட் பண்ணா படி உள்ள போகும்னு எனக்கே தெரியாது. ஒனக்கு எப்படித் தெரியும்?"

ஆச்சி மடியில் இருந்த கைக்குட்டையை மடித்தார், பிரித்தார்.

"ஒன்னத்தான் கேக்குறேன்."

"நான் அதுமேல நின்னுக்கிட்டு இருந்தேன்ல."

குமரன் கையில் பிடித்திருந்த ஜாக்கியை மெதுவாகத் தரையில் வைத்தான்.

"எலுமிச்சம்பழம் சரியா இருக்கான்னு பாக்க எறங்குனேன்," என்றார் ஆச்சி. "நீங்க கடியாரத்தப் பாத்துக்கிட்டு இருந்தீங்க. நல்ல நேரம் முடியப் போவுதுன்னு வழியனுப்ப வந்த ஒங்க தம்பி வீட்டாளுங்க வேற சத்தம் போட்டாங்க. திருப்புனீங்க."

"பட்டன அமுக்காம எறங்குனேன்னு நீதானே சொன்ன?"

"நீங்க சொன்னீங்க. நான் இல்லேன்னு சொல்லல."

ஐயா பக்கத்தில் கிடந்த டயரில் உட்கார்ந்துவிட்டார். நான் ஜோகூரில் கிரேன் கம்பி அறுந்து ஆள் விழுந்ததைப் பார்த்திருக்கிறேன். ரவாங்கில் ஒருவன் கையை யந்திரத்தில் விட்டதைப் பார்த்திருக்கிறேன். அவர் முகத்தில் அன்று பார்த்ததை வேறெங்கும் பார்த்ததில்லை. அத்தனை நாளாக வருகிறவர் போகிறவரிடமெல்லாம், இவளுக்கு அவசரம், சொன்னால் கேட்க மாட்டாள் என்று சொல்லிக்கொண்டிருந்த வாய் அது. இப்போது திறந்தபடியே இருந்தது.

"ஏன் சொல்லல?" என்றார் கடைசியில்.

"சொன்னா அன்னைக்கே வண்டிய வித்திருப்பீங்க. அப்புறம் எம் பக்கத்துலேயே ஒக்காந்து அழுதுக்கிட்டு இருப்பீங்க. நம்ம வீட்டு ஜன்னலத் தொறந்தா எதுத்த அடுக்குமாடி கொண்டோ செவரு தெரியும். கல்யாணமாகி வந்த நாள்லேருந்து ஆபீஸ், கணக்கு, வரின்னு நீங்க போனீங்க, நான் அந்த ஜன்னல்ல நின்னேன். ஒரு வழியா வண்டி வாங்குனீங்க. அதையும் விட்டுட்டு நான் எங்க போறது?"

"விக்கத்தான் போறேன்," என்று ஐயா எழுந்தார். "மேடம், வேலைய நிறுத்துங்க. லிஃப்டும் வேணாம், ஒன்னும் வேணாம். இந்தச் சனியன எவனாவது எடுத்துட்டுப் போகட்டும்."

ஆச்சி அவரைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார்.

"தம்பி, கை வலிக்குதா?"

"இல்ல ஆச்சி."

"அப்பக் கழட்டுங்க."

நான் ஸ்டெல்லாவைப் பார்த்தேன். வண்டி ஐயாவின் பேரில் இருக்கிறது. ஐயா வேண்டாம் என்றால் வேண்டாம்தான். ஸ்டெல்லா ஓட்டுநர் கதவைத் திறந்து இரண்டாவது சாவியை உருவினார். அதில் குங்குமம் ஒட்டியிருந்தது. துடைக்காமல் அப்படியே கொண்டுவந்து ஆச்சியின் மடியில் வைத்தார்.

"ஆச்சி, இது ஒங்ககிட்ட இருக்கட்டும். இந்தப் பட்டறையில இன்னைக்கு ஒங்களவிட நம்பிக்கையான ஆள் எனக்கு இல்ல."

ஐயா வெளியே நடந்துவிட்டார். சாலையோரத்து ஒட்டுக்கடைக்குப் போய், எங்களுக்கு முதுகைக் காட்டி நின்றார். எதுவும் வாங்கவில்லை. கடைக்காரப் பெண் இரண்டு முறை கேட்டுவிட்டுப் போய்விட்டாள்.

ஆச்சி என்னிடம் பேசிக்கொண்டிருந்தார். தைப்பிங் ஏரியைப் பார்த்திருக்கிறீர்களா என்று கேட்டார். பார்த்திருக்கிறேன், லோரியை நிறுத்திக் குளித்திருக்கிறேன் என்றேன். கேமரன் மலையில் குளிருமா? குளிரும். குவாந்தானில் கடல் எப்படி? அலை பெரிது ஆச்சி. கேட்கக் கேட்க அவர் முகம் ஒரு மாதிரி ஆனது. என் மனைவி என்னிடம் ஒரு நாளும் அப்படிக் கேட்டதில்லை; வெளியூர் என்றாலே அவளுக்கு வெறுப்பு. ஊர் ஊராகத் திரிந்ததற்கு என்னைத் திட்டாமல், என்ன பார்த்தாய் என்று கேட்ட முதல் ஆள் ஆச்சிதான். ஐயா திரும்பி வந்து வண்டியை ஓட்டிக்கொண்டு போய்விடுவாரோ என்று எனக்குப் பதைப்பாக இருந்தது. என் கை தப்பியது அப்போது பெரிதாகத் தோன்றவில்லை.

குமரன் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு என் காதில் சொன்னான். "அண்ணே, ராகு காலம் வந்துருச்சு. இனிமே இவரு பேனா மூடியக்கூடத் தொறக்க மாட்டாரு. கூட்டிக்கிட்டுப் போயிருவாரு பாருங்க."

ஐயா திரும்பி வந்தார். கண் சிவந்திருந்தது. யாரையும் பார்க்காமல் வண்டியைச் சுற்றி வந்து, சக்கரத்துக்கு முன்னால் இருந்த எலுமிச்சம்பழங்களை ஒவ்வொன்றாகக் குனிந்து எடுத்தார். என் கையுறை மாட்டிக் கிடந்த இடத்தில் சற்று நேரம் நின்றார்.

"மேடம், கழட்டச் சொல்லுங்க."

ஸ்டெல்லா தயங்கினார். "ராகு காலம்யா. பன்னண்டுக்கு மேல வேணும்னா…"

"நல்ல நேரம் பாத்துத்தானே அன்னைக்குத் திருப்புனேன்," என்றார் ஐயா. "கழட்டுங்க."

கழற்றினோம். பொத்தானை அமுக்கிப் படியை வெளியே விட்டோம். மண் இல்லாததால் முழுசாக வந்தது. கையுறை கீழே விழுந்தது. பேட்டரிகள் இரண்டையும் துண்டித்தேன், கூரைத் தகட்டின் கம்பியையும். ஸ்டெல்லா விளக்கு சுவிட்சுகளை எல்லாம் போட்டுப் பார்த்தார், ஒன்றும் எரியவில்லை என்று உறுதியான பிறகுதான் என்னைக் குனிய விட்டார். மோட்டார் பிளக்கைப் பிரித்து, கம்பி முனைகளுக்கு டேப் சுற்றினேன். படிக்கு அடியில் பலகை வைத்து ஜாக்கியை ஏற்றி முட்டுக் கொடுத்தேன். பின்பக்கத்து போல்ட்டுகள் முதலில். முன்னதை முதலில் விட்டால் படி முகத்தில் சாயும். துரு ஏறிய ஒன்று முரண்டு பிடித்தது. எண்ணெய் விட்டு, கொஞ்சம் இறுக்கி, பிறகு தளர்த்தி, அப்படி முன்னும் பின்னுமாக அதை இணங்க வைத்தேன். கடைசி போல்ட் வந்ததும் ஜாக்கியை மெல்ல இறக்கினோம். படி தரைக்கு வந்தது. ஓட்டைகளுக்குத் துரு தடுக்கும் பெயிண்ட் அடித்தேன்.

அவ்வளவு நேரமும் என்னுடைய சாவி என் கழுத்தில், இன்னொன்று ஆச்சியின் கையில். ஐயா மனைவியின் நாற்காலிக்குப் பின்னால் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"படிய என்ன பண்றது?" என்று குமரன் கேட்டான்.

"பழைய இரும்புக்குப் போட்டுருங்க," என்றார் ஆச்சி. "எனக்கு அதுமேல கோவமில்ல. ஆனா பாக்க வேணாம்."

லிஃப்ட் மாட்டி வண்டியைக் கொடுத்த நாளில் ஆச்சி நாற்காலியோடு மேலே போய் உள்ளே உட்கார்ந்தார். கழுத்தில் இரண்டு சாவிகளோடு பச்சைக் கயிறு. ஸ்டெல்லா கொடுத்தது. ஐயா ஓட்டுநர் இருக்கையில் ஏறி, பின்னால் கையை நீட்டினார்.

"குடு."

"எல்லாரும் ஏறியாச்சா?"

"நாம ரெண்டே பேருதானடி."

"எறங்கிச் சுத்திப் பாத்துட்டு வாங்க."

அவர் இறங்கினார். வண்டியைச் சுற்றி வந்தார். படி இருந்த இடத்தில் குனிந்தும் பார்த்தார். கடிகாரத்தைப் பார்க்கவில்லை. ஏறி உட்கார்ந்து மறுபடியும் கையை நீட்டினார். அப்போதுதான் ஆச்சி கயிற்றைத் தலைக்கு மேலாகக் கழற்றினார்.

அன்றிலிருந்து ஸ்டெல்லாவின் கேள்வி மாறிவிட்டது. வண்டி வந்து நின்றதும், பேர் ஊர் கேட்பதற்கு முன்னால், இந்த வண்டிக்கு எத்தனை சாவி, எல்லாம் எங்கே என்று கேட்பார். நான் அவருக்குப் பின்னால் நின்று அதையே இன்னொரு முறை கேட்பேன். இரண்டு வருஷம் முன்பு ஸ்டெல்லா பட்டறையைக் கைமாற்றிவிட்டுப் போனார். நானும் ஓய்ந்தேன், குமரன் மட்டும் அங்கேயே இருக்கிறான். புதிய முதலாளியிடம் அந்தச் சட்டம் இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது.

குமரன் கடைசியில் போனை எடுத்தான்.

"என்னண்ணே, இத்தன மிஸ்கால்? வீட்டுல யாருக்கும் ஒன்னுமில்லையே?"

"கை எங்க இருக்கு?"

"போனப் புடிச்சிருக்கேன்."

"ரெண்டு கையும்டா!"

"வெளியதாண்ணே இருக்கு. ஏன் கத்துறீங்க?"

"எத்தன சாவின்னு கேட்டியா?"

குமரன் சிரித்தான்.

"நானும் அங்கதானண்ணே நின்னேன் அன்னைக்கு. கேக்காம இருப்பேனா? மூணு சாவியாம். ஒன்னு வண்டிக்காரரு வச்சிருந்தாரு, ஒன்னு பொண்டாட்டி கைப்பையில, ஒன்னு சாமி மேடையில. ஆள் அனுப்பி எடுத்துட்டு வரச் சொல்லி, மூணையும் கழுத்துல மாட்டியிருக்கேன். நடந்தா மாடு வர்ற சத்தம் கேக்குது."

சரி, வேலையைப் பார் என்று வைத்தேன். தேநீர் ஆறிப்போயிருந்தது. அதை எடுக்கப் போனபோதுதான் கவனித்தேன். வலது கையை இடது அக்குளுக்குள் செருகி, இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தேன். வெளியே எடுக்கக் கொஞ்ச நேரம் பிடித்தது.